குச்சி மனிதர்களோடு முப்பது ஆண்டுகள்

புல்தரையில் ஒரு கைக்குழந்தை. வட்டமாக ஒரு தலை, புள்ளியாக இரண்டு கண், கோடாகக் கை கால். பள்ளிக்கூட நோட்டின் ஓரத்தில் யார் வேண்டுமானாலும் கிறுக்கிவிடக்கூடிய உருவம். குழந்தையிடம் ஒரு கிலுகிலுப்பையும் நூல் கட்டிய சிவப்பு பலூனும் இருக்கின்றன. சில நொடிகள் ஒன்றுமே நடப்பதில்லை. பிறகு பலூன் மெதுவாகத் தாழ்ந்து வந்து குழந்தையின் தலையில் ஒரு தட்டு தட்டுகிறது. குழந்தைக்கு எதுவும் புரியவில்லை. பலூன் மறுபடி தட்டுகிறது. அப்புறம் அடிக்க ஆரம்பிக்கிறது. வழியில் பெரியவர் ஒருவர் வந்தால் நூலின் நுனியில் ஒன்றும் அறியாததுபோல ஆடிக்கொண்டிருக்கிறது. அவர் போனதும் அடி தொடர்கிறது.

ஐந்தரை நிமிடத்தில் முடிந்துவிடும் இந்தப் படத்தின் பெயர் 'பில்லிஸ் பலூன்'. 1998-இல் கலிஃபோர்னியாவின் சான்டா பார்பரா பல்கலைக்கழகத்தில் சினிமா படித்துக்கொண்டிருந்த டான் ஹெர்ட்ஸ்ஃபெல்ட் என்ற மாணவர் எடுத்தது. அடுத்த ஆண்டே கான் பட விழாவின் குறும்படப் போட்டிப் பிரிவில் இடம்பெற்றது. அப்போது அவருக்கு இருபத்திரண்டு வயது.

அங்கிருந்து அவர் எங்கே போனார் என்பதைத்தான் இந்தக் கட்டுரை பார்க்கப் போகிறது. ஏனென்றால் அவர் போன வழி, குறும்படக்காரர்கள் வழக்கமாகப் போகிற வழி இல்லை. நம் ஊரில் குறும்படத்துக்கு 'விசிட்டிங் கார்டு' என்று ஒரு பெயரே உண்டு. தயாரிப்பாளரிடம் காட்டுவதற்காக எடுப்பது, முழுநீளப் படம் கிடைத்ததும் மறந்துவிடுவது. அமெரிக்காவிலும் பெரும்பாலும் இதே கதைதான். ஹெர்ட்ஸ்ஃபெல்ட் மட்டும் 1995-லிருந்து இன்றுவரை குறும்படத்தை விட்டு நகரவில்லை. எழுதுவது, வரைவது, படம் பிடிப்பது, வெட்டி ஒட்டுவது, பல நேரம் குரல் கொடுப்பது, கடைசியில் விற்பது என எல்லாமே பெரும்பாலும் அவர் ஒருவரே. அவருடைய நகைச்சுவையின் விசித்திரமும் அவர் பிழைப்பு நடத்தும் முறையும் ஒன்றோடொன்று பின்னிக் கிடப்பவை என்பது என் எண்ணம். ஒன்றை விட்டு மற்றதைப் புரிந்துகொள்ள முடியாது.

முதலில் அந்தக் குச்சி உருவங்கள். அவருக்கு வரையத் தெரியாது என்று நினைப்பவர்கள் உண்டு. விஷயம் வேறு. சினிமா நொடிக்கு 24 ஃப்ரேம் ஓடுகிறது. கையால் வரையும் அனிமேஷனில் ஒரு படத்தை இரண்டு ஃப்ரேமுக்கு நிறுத்துவது பொதுவான பழக்கம். அப்படிப் பார்த்தாலும் நொடிக்கு 12 படங்கள் வேண்டும். ஐந்தரை நிமிடப் படம் என்றால் கிட்டத்தட்ட நான்காயிரம் தாள்கள். ஸ்டூடியோவில் இதை ஐம்பது பேர் பங்கிட்டுக்கொள்வார்கள். தனி ஆள் செய்வதானால் உருவம் எளிமையாக இருந்தே ஆக வேண்டும். அந்தக் கட்டாயத்தையே அவர் பலமாக மாற்றிக்கொண்டார். முகத்தில் காட்ட எதுவும் இல்லாதபோது பார்வையாளர் நேரத்தைக் கவனிக்கத் தொடங்குகிறார். பலூன் எப்போது அடிக்கும், எத்தனை நொடி காத்திருக்கும், அடித்ததும் குழந்தை எவ்வளவு நேரம் அசையாமல் இருக்கும். சிரிப்பு முழுக்க அந்த இடைவெளிகளில்தான் பிறக்கிறது. மேடையில் நல்ல நகைச்சுவை நடிகர் ஒரு வசனத்தைச் சொல்வதற்குமுன் அரை நொடி தாமதிப்பாரே, அந்த அரை நொடியைத்தான் ஹெர்ட்ஸ்ஃபெல்ட் தாள் எண்ணி வரைந்துகொண்டிருந்தார்.

இன்னொன்றையும் கவனிக்கலாம். ஒவ்வொரு தாளிலும் உருவத்தைப் புதிதாக வரைவதால் கோடுகள் அச்சுப் பிசகாமல் ஒன்றன்மேல் ஒன்று உட்காருவதில்லை. அதனால் சும்மா நிற்கும் மனிதன்கூட லேசாக நடுங்கிக்கொண்டே இருக்கிறான். பெரிய ஸ்டூடியோக்கள் இந்த நடுக்கத்தைத் துடைத்து எடுக்கத் தனி ஆட்களை வைத்திருக்கும். இவர் படங்களில் அது அப்படியே இருக்கும். பயந்த சுபாவமுள்ள பாத்திரங்களுக்கு அதைவிடப் பொருத்தமான நடிப்பு கிடையாது.

மாணவராக இருந்தபோது நான்கு படங்கள் எடுத்தார். 1995-இல் வந்த 'ஆ, லாமூர்' இரண்டு நிமிடம்தான். ஒருவன் பெண்களிடம் போய் ஏதோ சாதாரணமாகப் பேச வாயெடுக்கிறான், ஒவ்வொரு முறையும் கொடூரமாகத் தாக்கப்படுகிறான். படம் முழுவதும் அவ்வளவுதான். பதின்வயது முடியாத ஒருவரின் கோபம் அதில் கொஞ்சம் அதிகமாகவே தெரிகிறது. இன்று பார்க்கும்போது எனக்கு அது சற்றுக் கரடுமுரடாகத்தான் இருக்கிறது. 1996-இல் 'ஜானர்', 1997-இல் 'லில்லி அண்ட் ஜிம்', 1998-இல் பலூன். 'லில்லி அண்ட் ஜிம்' முன்பின் தெரியாத இருவர் உணவு மேசையில் சந்தித்து, பேச எதுவும் கிடைக்காமல் தவிக்கும் கதை. அடிதடியிலிருந்து தயக்கத்துக்கு அவருடைய நகைச்சுவை முதன்முதலில் இறங்கியது அங்கேதான். பின்னால் வரப்போகும் பெரிய படங்களின் விதை பலூனில் இருப்பதைவிட இதில்தான் அதிகம் என்பேன்.

இந்தப் படங்கள் அவருக்குப் பணமும் தந்தன. எப்படி என்பதைக் கொஞ்சம் விளக்க வேண்டும். தொண்ணூறுகளில் அமெரிக்காவில் ஊர் ஊராகச் சுற்றும் அனிமேஷன் காட்சித் தொகுப்புகள் இருந்தன. 'ஸ்பைக் அண்ட் மைக்' என்ற தொகுப்பு அவற்றில் புகழ் பெற்றது. பல குறும்படங்களை ஒரே சுருளாகக் கோத்து, நள்ளிரவுக் காட்சிகளாகக் கல்லூரி ஊர்களிலும் சிறு திரையரங்குகளிலும் டிக்கெட் போட்டுக் காட்டுவார்கள். ஹெர்ட்ஸ்ஃபெல்டின் மாணவப் படங்கள் இந்தச் சுற்றில் ஓடின. ஒரு படத்தில் வந்த வருமானம் அடுத்த படத்தின் ஃபிலிமுக்கும் லேப் செலவுக்கும் போனது. 'பிட்டர் ஃபிலிம்ஸ்' என்ற பெயரில் சொந்த நிறுவனமும் வந்தது. முந்தைய படம் அடுத்த படத்துக்குச் சம்பாதித்துக் கொடுக்கும் இந்தச் சங்கிலி அவர் கல்லூரியை விட்டு வெளியே வரும்போதே ஓடத் தொடங்கியிருந்தது. பிற்பாடு விளம்பரங்களை மறுக்கும் துணிச்சல் அவருக்கு எங்கிருந்து வந்தது என்று கேட்டால் இதைத்தான் காட்டுவேன். வாடகைக்குப் பணம் இருப்பவனால் மட்டுமே 'முடியாது' என்று சொல்ல முடிகிறது.

விளம்பர நிறுவனங்கள் உடனே தேடி வந்தன. எளிய கோடு, உரத்த சிரிப்பு, இளைஞர் கூட்டம். முப்பது நொடி விளம்பரத்துக்கு இதைவிடத் தோதான ஆள் கிடைக்க மாட்டார். அவர் ஒன்றைக்கூட ஏற்கவில்லை. மாறாக, அந்த அழைப்புகளையே கருவாக வைத்து 2000-இல் 'ரிஜெக்டட்' எடுத்தார். ஒன்பது நிமிடப் படம். தானே ஒரு தொலைக்காட்சிக்கும் ஒரு நிறுவனத்துக்கும் விளம்பரம் செய்து கொடுத்ததாகவும் எல்லாம் திருப்பி அனுப்பப்பட்டதாகவும் ஒரு கற்பனை. அந்த 'நிராகரிக்கப்பட்ட' துண்டுகள்தான் படம். ஒருவன் தன் உடம்பைவிடப் பெரிய கரண்டியைக் கிண்ணத்தின்மேல் பிடித்துக்கொண்டு, கரண்டி ரொம்பப் பெரிதாக இருக்கிறது என்று திரும்பத் திரும்பப் புலம்புகிறான். அவ்வளவுதானா என்று நாம் நினைக்கும்போது ஒரு வாழைப்பழம் நடந்து வந்து தான் ஒரு வாழைப்பழம் என்று அறிவிக்கிறது. இதில் விளக்க எதுவும் இல்லை. ஆனால் முதன்முறை பார்த்த இரவு நான் அடக்க முடியாமல் சிரித்தேன். அடுத்த நாள் ஒரு நண்பருக்குச் சொல்லிப் பார்த்தபோது ஒரு சொட்டுச் சிரிப்பும் வரவில்லை. அந்தக் குரலும் அந்த இடைவெளியும் இல்லாமல் அந்த நகைச்சுவையைத் தூக்கிக்கொண்டு வரவே முடியாது.

படம் போகப் போக வரைபவனின் மனநிலை சிதைகிறது. இடது கையால் வரையத் தொடங்குகிறான். கோடுகள் கோணலாகின்றன, கதை கழன்று போகிறது. கடைசி இரண்டு நிமிடங்கள் எனக்கு மறக்காதவை. பாத்திரங்கள் வாழும் தாளே கசங்கத் தொடங்குகிறது. வானமும் தரையும் அதே வெள்ளைத் தாள் என்பதால் எங்கே ஓடினாலும் தப்ப முடியாது. தாளில் ஓட்டை விழுகிறது, பாத்திரங்கள் உள்ளே இழுக்கப்படுகின்றன. ஒரு குச்சி உருவம் தாளை உள்ளேயிருந்து முட்டுகிறது. முட்டும் இடத்தில் தாள் நம்மை நோக்கிப் புடைக்கிறது. கணினி எதுவும் இல்லை. நிஜத் தாளையே கொஞ்சம் கொஞ்சமாகக் கசக்கிக் கேமராவுக்கு அடியில் வைத்து ஃப்ரேம் ஃப்ரேமாக எடுத்தது. ஏழு நிமிடம் வயிறு குலுங்கச் சிரித்துவிட்டு, ஒரு குச்சிக் கோடு செத்துவிடுமோ என்று பதறுகிறோம். ஹெர்ட்ஸ்ஃபெல்டின் வேலை என்ன என்று கேட்பவருக்கு நான் காட்டுவது இந்த இரண்டு நிமிடங்களைத்தான்.

'ரிஜெக்டட்' 2001 ஆஸ்கருக்குச் சிறந்த அனிமேஷன் குறும்படப் பிரிவில் பரிந்துரைக்கப்பட்டது. விருது மைக்கேல் டுடோக் டி விட்டின் 'ஃபாதர் அண்ட் டாட்டர்' படத்துக்குப் போனது. யூட்யூப் பிறக்க இன்னும் சில ஆண்டுகள் இருந்த காலம் அது. மங்கலான பிரதிகளாகவே அந்தப் படம் கணினிக்குக் கணினி தாவி ஒரு தலைமுறையின் பேச்சுவழக்கில் நுழைந்துவிட்டது. தொலைக்காட்சியில் அவர் பாணியை ஒத்த விளம்பரங்களும் வரத் தொடங்கின. அவை அவர் வரைந்தவை என்றே பலர் நம்பினார்கள். விளம்பரத்தை மறுத்ததற்காக ஒரு படமே எடுத்தவருக்கு அது எப்படி இருந்திருக்கும் என்று யோசித்துப் பார்க்கலாம்.

இங்கே கேமராவைப் பற்றிச் சொல்ல வேண்டும். 1999 வாக்கில் 1940-களில் செய்யப்பட்ட 35 எம்எம் அனிமேஷன் கேமரா ஒன்று அவர் கைக்கு வந்தது. தூணில் பொருத்தப்பட்டு, கீழே இருக்கும் மேசையை நேர் செங்குத்தாகப் பார்க்கும் கனமான இரும்பு இயந்திரம். அந்த நேரத்தில் உலகம் முழுவதும் அனிமேஷன் ஸ்டூடியோக்கள் இவற்றைக் கழித்துக்கட்டிக் கணினிக்கு மாறிக்கொண்டிருந்தன. இவர் எதிர்த் திசையில் போனார். அடுத்த பத்துப் பன்னிரண்டு ஆண்டுகள் அவருடைய படங்கள் அந்த இயந்திரத்தின் அடியில்தான் உருவாயின.

2005-இல் வந்த 'தி மீனிங் ஆஃப் லைஃப்' பன்னிரண்டு நிமிடப் படம். கிட்டத்தட்ட நான்கு ஆண்டுகள் எடுத்தது. மனித இனம் தோன்றி, கூட்டமாக முணுமுணுத்து, அழிந்து, வேறு உயிர்களாக மாறி, அவையும் அதே முணுமுணுப்பைத் தொடரும் கதை. எண்ணற்ற குச்சி மனிதர்கள் ஒரே நேரத்தில் நடக்கிறார்கள், அண்டவெளியின் ஒளிகள் கேமராவிலேயே உருவாக்கப்பட்டவை. அந்த உழைப்பை நினைத்து மலைக்கிறேன். படமாக அது என்னை மற்றவை அளவுக்குத் தொடவில்லை. கூட்டம் இருக்கிறது, பெயர் சொல்ல ஒருவன் இல்லை.

அந்த ஒருவன் 2006-இல் வந்தான். பெயர் பில். குச்சி உருவம், தலையில் ஒரு தொப்பி. தொப்பி இல்லாவிட்டால் மற்றவர்களிடமிருந்து அவனைப் பிரித்தறியவே முடியாது. 'எவ்ரிதிங் வில் பி ஓகே' என்ற பதினேழு நிமிடப் படம் அவனுடைய அன்றாடத்தைச் சொல்கிறது. தெருவில் லேசாகத் தெரிந்த ஒருவன் எதிரே வருகிறான். என்ன சொல்வது என்று முடிவு செய்வதற்குள் இருவரும் நெருங்கிவிடுகிறார்கள். இரண்டு விசாரிப்புகள் நாக்கில் மோதி அர்த்தமில்லாத ஒரு சொல்லாக வெளியே வருகின்றன. இருவரும் அதோடு கடந்து போகிறார்கள். கடையில் பில் பழத்தைப் பின்வரிசையிலிருந்துதான் எடுப்பான். முன்வரிசைப் பழங்கள் நிற்பவர்களின் இடுப்புக்குக் கீழே உரசும் உயரத்தில் இருக்கின்றன என்பது அவன் கணக்கு. வீட்டுக்கு வந்து சாவியைச் சமையலறை மேடையில் வீசுகிறான், பிறகு அதையே பார்த்துக்கொண்டு நிற்கிறான். இதுவரை எத்தனை முறை இப்படி வீசியிருப்போம் என்று ஒரு நினைப்பு. இப்படி வீசுவதுதான் வாழ்க்கையோ, மற்றதெல்லாம்தான் இடையில் வந்து போகிறதோ என்று அடுத்த நினைப்பு.

கதை சொல்லும் குரல் ஹெர்ட்ஸ்ஃபெல்டுடையது. ஏற்ற இறக்கம் இல்லாமல், வங்கிக் கணக்கை வாசிப்பதுபோல ஓடும் குரல். பில்லுக்கு மூளையில் ஏதோ நோய் என்று நமக்குத் தெரியவரும்போதும் அந்தக் குரல் மாறுவதில்லை. ஒரே சுருதியில் வேடிக்கையும் சாவும் வருவதால், எதற்குச் சிரிக்க வேண்டும் எதற்குக் கூடாது என்று நம்மிடம் யாரும் சொல்வதில்லை. அந்தத் திகைப்புதான் படத்தின் உயிர்.

திரையில் பெரும்பாலும் கருப்பு. அதில் அங்கங்கே சின்னச் சின்ன ஜன்னல்கள் திறக்கும். ஒன்றில் பில், இன்னொன்றில் மரம், வேறொன்றில் யாரோ முணுமுணுக்கும் முகம். கணினியில் இது பத்து நிமிட வேலை. அவர் செய்தது இப்படி: லென்ஸின் மற்ற பகுதியை மறைத்துவிட்டு ஒரு ஓட்டை வழியாக முதல் காட்சியைப் படம் பிடிக்க வேண்டும். ஃபிலிமைப் பின்னோக்கிச் சுருட்ட வேண்டும். ஓட்டையை வேறு இடத்துக்கு மாற்றி, அதே ஃபிலிமின்மேல் இரண்டாவது காட்சி. நான்கு ஜன்னல் என்றால் அதே துண்டு நான்கு முறை கேமராவுக்குள் போய் வரும். நான்காவது முறை கை தவறினால் முதல் மூன்றும் வீண். சரியாக வந்ததா என்பது லேபில் ஃபிலிமைக் கழுவி வந்த பிறகுதான் தெரியும். இத்தனை பாடு எதற்கு என்று கேட்கலாம். பில்லின் மனம் துண்டு துண்டாக உடைவதைப் பார்க்கும்போது பதில் கிடைக்கும். அந்த ஜன்னல்களின் ஓரம் கத்தியால் வெட்டியதுபோல இல்லை, லேசாகக் கரைந்து நடுங்குகிறது. நினைவுக்கு வரும் காட்சிகள் அப்படித்தானே வருகின்றன.

2007-இல் அமெரிக்காவின் சன்டான்ஸ் பட விழாவின் குறும்படப் பெரும் பரிசு இதற்குக் கிடைத்தது. நடிகர்களைக் கொண்டு எடுத்த படங்களோடு அனிமேஷனும் போட்டியிட்டு வென்றது. 2008-இல் 'ஐ ஆம் சோ ப்ரவுட் ஆஃப் யூ', பில்லின் முன்னோர்களின் வினோத மரணங்களிலிருந்து அவன் நோய் வரை. 2011-இல் மூன்றாவது பகுதி, 'இட்ஸ் சச் எ பியூட்டிஃபுல் டே'. 2012-இல் மூன்றையும் கோத்து 62 நிமிடத்தில் ஒரே படமாக வெளியிட்டார். அவருடைய முழுநீளப் படம் என்று சொல்வதானால் அது இதுதான். அதுவும் மூன்று குறும்படங்கள் சேர்ந்து ஆனது.

மூன்றாவது பகுதியில் ஒரு காட்சி வரிசை. மருத்துவமனையிலிருந்து வந்த பில்லுக்கு நினைவு நிற்பதில்லை. நல்ல வெயில் நாள், கொஞ்சம் நடந்துவிட்டு வரலாம் என்று கிளம்புகிறான். தெருவைச் சுற்றி வந்து வீட்டுக்குள் நுழைகிறான். போனதே மறந்துவிடுகிறது. நல்ல நாளாக இருக்கிறதே, நடந்துவிட்டு வரலாம் என்று மறுபடி கிளம்புகிறான். அதே தெரு, அதே வாசகங்கள். முதல் தடவை திரும்பும்போது அரங்கில் சிரிப்பு வரும். அடுத்ததற்குக் கொஞ்சம். அதற்கடுத்து யாரும் சிரிப்பதில்லை. பலூன் குழந்தையைத் திரும்பத் திரும்ப அடித்ததே, அதே உத்திதான். செய்ததையே மறுபடி செய்வது நகைச்சுவையின் மிகப் பழைய ஆயுதம். பதின்மூன்று ஆண்டுகள் கழித்து அதே ஆயுதத்தை எடுத்து, சிரிப்பு தீர்ந்த பிறகும் நிறுத்தாமல் இன்னும் ஒரு முறை, இன்னும் ஒரு முறை என்று போனால் என்ன ஆகும் என்று பார்த்திருக்கிறார். பதின்மூன்று ஆண்டுகள் வேறு யாருக்காவது வேலை பார்த்திருந்தால் இந்த இடத்துக்கு வந்து சேர்ந்திருப்பாரா என்பது எனக்குச் சந்தேகம். இன்னும் ஒரு முறை வேண்டாம், சிரிப்பு போய்விட்டது, வெட்டிவிடுங்கள் என்று எந்தத் தயாரிப்பாளரும் சொல்லியிருப்பார்.

இதற்கிடையே வருமானம் வரும் வழி மாறிக்கொண்டே இருந்தது. 2003-இல் அனிமேஷன் தொடர்கள் எடுத்த மைக் ஜட்ஜோடு சேர்ந்து 'தி அனிமேஷன் ஷோ' என்ற சுற்றுக் காட்சித் தொகுப்பைத் தொடங்கினார். மாணவராக யார் தொகுப்பில் ஓடினாரோ அதுபோன்ற ஒன்றைத் தானே நடத்தினார், உலகம் முழுவதிலிருந்தும் மற்றவர்களின் குறும்படங்களையும் திரையரங்குக்குக் கொண்டுபோனார். பிறகு டிவிடி. பத்தாண்டுப் படங்களைத் தொகுத்துத் தானே வெளியிட்டார். புதுப் படம் வந்தால் ஊர் ஊராகப் போய்த் திரையிட்டு, மேடையில் நின்று கேள்விகளுக்குப் பதில் சொன்னார். பெரிய விநியோகஸ்தர் இல்லாமல், பார்வையாளரைப் பெயர் தெரியாத கூட்டமாக விடாமல், நேரில் போய்ச் சேர்ந்த முறை அது.

2014-இல் 'தி சிம்ப்ஸன்ஸ்' என்ற அமெரிக்கத் தொலைக்காட்சி அனிமேஷன் தொடரின் ஓர் அத்தியாயத்துக்குத் தொடக்கக் காட்சி செய்து கொடுத்தார். பிரபலமான அந்தக் குடும்பம் எதிர்காலத்துக்குப் போய் அடையாளமே தெரியாத கூழ் உருவங்களாக மாறி, பழைய பாசத்தின் எச்சங்களை முனகும் இரண்டு நிமிடம். விளம்பரத்தை மறுத்தவர் இதை மட்டும் எப்படி ஏற்றார் என்று கேட்டால், காட்சியைப் பார்த்தால் போதும். அது முழுக்க அவருடைய படம்.

அந்தக் காலத்தில்தான் பழைய இரும்புக் கேமராவை விட்டுக் கணினியில் வரையத் தொடங்கினார். 2015-இல் 'வேர்ல்ட் ஆஃப் டுமாரோ' வந்தது. அவருடைய உடன்பிறந்தவரின் மகளுக்கு அப்போது நான்கு வயது. நான்கு வயதுக் குழந்தையிடம் வசனத்தைக் கொடுத்துப் பேச வைக்க முடியாது. அதனால் அவள் படம் வரையும்போதும் விளையாடும்போதும் பேசியதையெல்லாம் பதிவு செய்தார். பிறகு அந்த மழலைத் துண்டுகளைச் சுற்றிக் கதை எழுதினார். வழக்கமாக வசனம் எழுதி நடிகரைத் தேடுவார்கள். இங்கே நடிகரின் வசனம் முதலில் வந்தது, பாத்திரமும் கதையும் அதற்குப் பொருந்தப் பின்னால் வந்தன.

கதையில் எமிலி என்ற குழந்தையைத் தேடி 227 ஆண்டுகள் தள்ளிய எதிர்காலத்திலிருந்து அவளுடைய மூன்றாம் தலைமுறைப் பிரதி (குளோன்) வருகிறது. வளர்ந்த பெண். அவளுக்கு ஜூலியா பாட் குரல் கொடுத்தார். எதிர்காலம் எப்படி இருக்கிறது என்று அவள் உணர்ச்சியற்ற குரலில் விவரிக்கிறாள். பாறையொன்றைக் காதலித்தது, நிலவில் தனியே வேலை செய்யும் ரோபோக்களுக்கு மரண பயத்தை ஊட்டியது, அவை சோகக் கவிதை எழுதி அனுப்பியது. குழந்தை எதையும் கேட்பதில்லை. நிறங்களைக் காட்டுகிறாள், தன் பொம்மைக் கார்களைப் பற்றிப் பேசுகிறாள். வீட்டில் பெரியவர்கள் கவலையோடு பேசிக்கொண்டிருக்கும்போது குழந்தை குறுக்கே வந்து வேறு எதையோ சொல்லுமே, அதுதான் முழுப் படமும். எழுதி வைத்து நடிக்கச் சொன்னால் இந்தச் சிரிப்பு வராது. அந்தக் குழந்தை உண்மையிலேயே எதையும் கேட்டுக்கொண்டிருக்கவில்லை.

பதினேழு நிமிடப் படத்துக்குச் சன்டான்ஸில் மறுபடி அதே பெரும் பரிசு, 2016-இல் இரண்டாவது ஆஸ்கர் பரிந்துரை. படத்தை விமியோ தளத்தில் பணம் கட்டிப் பார்க்கும் முறையில் நேரடியாக வெளியிட்டார். 2015-இலேயே கிக்ஸ்டார்ட்டர் இணையதளம் வழியாக ரசிகர்களிடமே முன்பணம் திரட்டிப் ப்ளூ-ரே கொண்டுவந்தார். நள்ளிரவுச் சுருள், டிவிடி, இணையம் என ஊடகம் மாறியதே தவிர, முந்தைய படம் அடுத்த படத்துக்குச் சோறு போடும் சங்கிலி அறுந்துபோகவில்லை. 2017-இல் இரண்டாம் அத்தியாயம். 2020-இல் 34 நிமிட மூன்றாம் அத்தியாயம். அதில் குழந்தையின் குரல் இல்லை, டேவிட் என்ற பாத்திரத்தின் கதையாக நகர்கிறது. ஆஸ்கர் விதிப்படி 40 நிமிடத்துக்குள் இருந்தால் குறும்படம். அந்த எல்லையை நோக்கி அவர் மெல்ல நகர்ந்தாலும் தாண்டவில்லை. மூன்றாவதில் கதைச் சிக்கல் கூடிவிட்டதாக எனக்குப் பட்டது. முதலாவதில் ஒரு குழந்தை ஒரே சொல்லால் கலைத்துவிட்ட பாரத்தை இங்கே கலைக்க ஆளில்லை.

2024-இல் 'மீ' வந்தது. 22 நிமிடம், வசனமே இல்லாமல் இசையால் நகரும் படம். முப்பது ஆண்டுகளாகப் பாத்திரங்களின் திக்கலையும் முணுமுணுப்பையும் வைத்தே சிரிக்க வைத்தவர் பேச்சையே எடுத்துவிட்டார். அதோடு சேர்த்து 62 நிமிடப் பில் படமும் மீண்டும் திரையரங்குக்கு வந்தது. 22 நிமிடமும் 62 நிமிடமும் சேர்ந்தாலும் ஒன்றரை மணிநேரம் ஆகாது. அதற்கு மக்கள் டிக்கெட் வாங்கிப் போனார்கள்.

பெரிய திரையில் பில்லின் முடிவு வேறு மாதிரி இருக்கும். அவன் மரத்தடியில் சாய்ந்து கிடக்கிறான். எல்லாம் முடிந்துவிட்டது என்று நமக்குத் தெரிகிறது. அதுவரை ஒரு முறைகூடச் சுருதி மாறாத அந்தக் குரல் அங்கே தடுமாறுகிறது. இல்லை, அவன் சாக மாட்டான் என்கிறது. எழுந்திருக்கச் சொல்கிறது. பில் எழுந்து நடக்கிறான். ஊர்களைக் கடக்கிறான், மொழிகளைக் கற்கிறான், எல்லாப் புத்தகங்களையும் படிக்கிறான், மனித இனமே போன பிறகும் உயிரோடு இருக்கிறான். தொப்பி வைத்த அந்தக் குச்சிக் கோடு பார்த்துக்கொண்டிருக்க, வானத்தில் நட்சத்திரங்கள் ஒவ்வொன்றாக அணைகின்றன.